ஆரோனையும் பிள்ளைகள் அறியட்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் குகேஷ் உலக சாம்பியன் ஆனதிலிருந்து, எங்கள் சத்துவாச்சாரித் தெருவில் சாயங்காலமானால் திண்ணையில் செஸ் போர்டு விரிந்துவிடுகிறது. வெள்ளைக் குதிரை ஒன்று தொலைந்துபோய், அதற்குப் பதில் சோடா மூடி நிற்கிறது. அந்தப் போட்டியின் 14-வது ஆட்டத்தில் குகேஷை எதிர்த்து ஆடிய சீனாவின் டிங் லிரென் 55-வது நகர்வில் யானையைத் தவறான கட்டத்துக்கு நகர்த்தியதை ஏழாம் வகுப்புப் பையன் ஒருவன் எனக்கு ஆடியே காட்டினான். யானையும் மந்திரியும் வெட்டுப்பட்டதும் மிச்சம் ராஜாவும் சிப்பாய்களும்தான். அதில் குகேஷுக்கு ஒரு சிப்பாய் அதிகம். எவ்வளவு தெளிவாகச் சொன்னான் தெரியுமா!

சரி, மானுவேல் ஆரோன் யார் என்று கேட்டேன். விழித்தான். 1961-ல், கிராண்ட்மாஸ்டருக்கு அடுத்த செஸ் பட்டமான இன்டர்நேஷனல் மாஸ்டரை இந்தியாவில் முதலில் பெற்றவர், ஒன்பது முறை தேசிய சாம்பியன். சென்னையில் சோவியத் கலாசார மையத்தில் அவர் நடத்திய டால் செஸ் கிளப்பில்தான் சிறுவன் ஆனந்த் ஆடிப் பழகினார். அப்புறம் 1988-ல் ஆனந்த், செஸ்ஸின் மிக உயர்ந்த பட்டமான கிராண்ட்மாஸ்டரை நாட்டில் முதலில் பெற்றார். 2001-ல் இந்தியாவின் முதல் மகளிர் கிராண்ட்மாஸ்டர் ஆன விஜயலட்சுமியின் பெயரும் அந்தப் பையன் காதில் விழுந்ததில்லை. எனக்கு மனசு கஷ்டமாகிவிட்டது.

உங்கள் வேலூர் பதிப்பில் வாரம் ஒரு நாள் இவர்களுடைய பழைய ஆட்டம் ஒன்றை, நகர்வுகளோடு, கட்டம் போட்டு வெளியிடுங்கள். எழுத்து கொஞ்சம் பெரிதாக இருக்கட்டும். தெருவிளக்கு வெளிச்சத்தில் படிக்க வேண்டியிருக்கிறது.

ஒரு வாசகர்,
சத்துவாச்சாரி, வேலூர்.