ஐந்து கட்டம் போட்ட ஒரு தாளுக்கு நன்றி

கடலூர் மஞ்சக்குப்பம் கோர்ட் வாசலில் எங்களோடு நின்ற எல்லாருக்கும் வணக்கம்.

வியாழக்கிழமை சாயந்திரம் கேப்பர் மலை ஜெயில் கதவு திறந்தது; கொலை வழக்கில் விசாரணை முடியாமலே உள்ளே இருந்த எங்கள் வீட்டு ஆள் ஜாமீனில் வெளியே வந்தார். வழக்கின் விவரம், எத்தனை நாள் என்பதெல்லாம் உங்களுக்குத் தெரியும், திரும்பச் சொல்ல மனசு இல்லை.

முதல் நன்றி குமாஸ்தா ஐயாவுக்கு. எங்கள் வக்கீலும் அதைத்தான் சொல்லச் சொன்னார். ஐயா வேலை பார்ப்பது வேறு ஒரு வக்கீலிடம். எங்களிடம் அவர் ஒரு ரூபாய் வாங்கவில்லை, பெயரையும் போடக் கூடாது என்று சொல்லிவிட்டார். அவர் செய்தது இதுதான்: ஒரு நீளத் தாளில் ஸ்கேல் வைத்து ஐந்து கட்டம் போட்டுக் கொடுத்தார். வாய்தா தேதி, எதற்காக வைத்தது, அன்றைக்கு என்ன நடந்தது, யாரால் தள்ளிப்போனது, ஜெயிலிலிருந்து அழைத்து வந்தார்களா.

"ரொம்ப நாளா உள்ள இருக்காருன்னு எழுதினா அது ஒரு வரிதாம்மா. எத்தன நாளு, எத்தன வாய்தா, எத்தன சாட்சின்னு எழுதுங்க" என்றார்.

அந்தத் தாளை நிரப்பும் வழியையும் அவரே சொன்னார். ஒவ்வொரு வழக்குக்கும் அதை அடையாளம் காட்ட, எழுத்தும் எண்ணும் சேர்ந்து 16 இடம் கொண்ட சி.என்.ஆர். நம்பர் உண்டு. கோர்ட்டுகளின் இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் அதைப் போட்டால் வாய்தா தேதிகள் வரிசையாக வரும். ஒவ்வொரு தேதியையும் தொட்டால் அன்றைய நடவடிக்கை ஓரிரு வரியில் இருக்கும். சில நாளுக்கு வெறும் 'ஒத்திவைப்பு' என்று மட்டும் இருக்கும், காரணம் இருக்காது. அந்தத் தேதிகளை மட்டும் குறித்துக்கொண்டு, நீதிபதி வழக்குக் கட்டுக்குள் எழுதிய குறிப்புக்கு நகல் மனு போட வேண்டும். தேதி சொல்லிக் கேட்டால் எடுத்துக் கொடுக்கிறவர்களுக்கும் சுலபம். இணையத்தில் எடுத்த பிரின்ட், சான்றிட்ட நகலுக்கு ஈடாகாது.

எங்கள் தாளில் கடைசியில் வந்த கணக்கு 58 வாய்தா. சம்மன் சார்வு ஆகாதது, அதாவது உரியவர் கைக்குப் போய்ச் சேராதது 17, வழிக்காவல் போலீஸ் இல்லாமல் அழைத்து வராதது 14, நீதிபதி பணியிடம் காலி 11, தலைமறைவான இன்னொரு எதிரிக்கு (குற்றம் சாட்டப்பட்டவருக்கு) பிடிவாரண்ட் நிலுவை 9. மிச்சம் 7 நாங்களே கேட்டு வாங்கியது. குற்றப்பத்திரிகையில் 34 சாட்சி, விசாரித்தது 3.

அந்த ஏழு வாய்தாவையும் எழுதாமல் விட்டுவிடலாமா என்று கேட்டோம். ஐயா பதில் சொல்லாமல் சிவப்புப் பேனாவை எடுத்து ஏழு வரிக்கும் அடிக்கோடு போட்டார். தாமதத்தைக் காட்டி ஜாமீன் கேட்டால், அரசு வக்கீல் முதலில் தேடுவது நம் பக்கத்து வாய்தாவைத்தான். அதை அவர் சொல்லி நீதிபதி கேட்டால் மற்ற 51-க்கும் மதிப்புப் போய்விடும். முன்பு தள்ளுபடியான ஜாமீன் மனுக்களையும் அப்படியே எழுத வேண்டும், மறைத்தால் அதுவே தள்ளுபடிக்குக் காரணமாகிவிடும். மனுவில் அந்த ஏழு வாய்தாவையும் நாங்களே சொன்னோம். சென்னை உயர்நீதிமன்றத்தில் அதைப் பற்றி ஒரு கேள்வியும் வரவில்லை.

இதே நிலையில் இருக்கும் குடும்பங்களுக்காக ஒன்று சொல்ல வேண்டும். தண்டனைக் காலத்தில் பாதி, முதல் குற்றமென்றால் மூன்றில் ஒரு பங்கு உள்ளே இருந்துவிட்டால் வெளியே விட வேண்டும் என்று வாட்ஸப்பில் சுற்றுகிறதே, அது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 479-ஆவது பிரிவு. தூக்கு, ஆயுள் தண்டனை வரக்கூடிய குற்றங்களுக்கு அது பொருந்தாது. கொலை வழக்கில் அதை நம்பி மாதங்களை வீணாக்காதீர்கள். அங்கே பேச வேண்டியது உயிருக்கும் சுதந்திரத்துக்கும் உரிமை தரும் அரசியல் சாசனத்தின் 21-ஆவது பிரிவு. உபா (சட்டவிரோத நடவடிக்கைகள் தடுப்பு) சட்டத்தில் ஐந்து வருஷத்துக்கு மேல் உள்ளே இருந்த நஜீபுக்கு, இன்னும் 276 சாட்சி பாக்கி இருந்த நிலையில், 2021-இல் உச்சநீதிமன்றம் ஜாமீனை உறுதி செய்தது. விரைவான விசாரணையைத் தர வழியில்லாத அரசு, குற்றம் கடுமையானது என்று சொல்லி ஜாமீனை எதிர்க்கக் கூடாது என்று 2024 ஜூலையில் ஜாவேத் ஷேக் வழக்கிலும் சொன்னது. ஆனாலும் இந்தத் தீர்ப்புகளை மட்டும் காட்டினால் போதாது. சாட்சிகளை மிரட்டுவார் என்ற பயம் இருந்தால் எத்தனை வருஷமானாலும் மறுக்கலாம். அதனால்தான் சாட்சிகள் இருக்கும் ஊருக்குப் போவதில்லை, வேறு ஊரில் தங்கி அங்கே ஸ்டேஷனில் கையெழுத்துப் போடுகிறோம் என்று நாங்களே முன்வந்து எழுதினோம்.

ஜாமீன் கையெழுத்துப் போட்ட நெல்லிக்குப்பம் சித்தப்பாவுக்கும் முதுநகர் அத்தைக்கும், ஆதாரும் போட்டோவும் எடுத்துக்கொண்டு இரண்டு நாள் அலைந்ததற்கு நன்றி. இலவச சட்ட உதவி தரும் சட்டப்பணிகள் ஆணைக்குழு வக்கீலம்மாவுக்கு, ஜெயிலில் மனு போட்டுப் பார்க்க வந்த நாட்களில் பிள்ளைகளைப் பார்த்துக்கொண்ட திருப்பாதிரிப்புலியூர் அக்காக்களுக்கு, கடன் சொல்லியும் டீ கொடுத்த அண்ணனுக்கு எல்லாம் நன்றி. ஜாமீன் கிடைத்தும் கையெழுத்துப் போட ஆள் கிடைக்காமல் உள்ளே இருப்பவர்கள் உண்டு. ஏழு நாளில் வெளியே வராவிட்டால் ஜெயில் கண்காணிப்பாளர் ஆணைக்குழுவுக்குத் தெரிவிக்க வேண்டும் என்றும், ஒரு மாதமாகியும் ஜாமீன்தாரர் வராவிட்டால் நிபந்தனையைக் குறைக்கலாமா என்று கோர்ட் தானாகவே பார்க்கலாம் என்றும் 2023 ஜனவரியில் உச்சநீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதைக் கேளுங்கள். இலவச சட்ட உதவிக்கு போன் நம்பர் 15100. காவலில் இருப்பவருக்கு வருமான வரம்பு கிடையாது.

வழக்கு முடியவில்லை. இறந்தவர் வீட்டாரும் அதே 58 வாய்தாவுக்குக் காத்திருந்தவர்கள், இது எங்களுக்கு நினைவிருக்கிறது. இனி எங்கள் பக்கத்திலிருந்து ஒரு வாய்தா மனுவும் போகாது. ஐயா போட்ட தாளை ஐம்பது பிரதி ஜெராக்ஸ் எடுத்து வைத்திருக்கிறோம். ஒவ்வொரு வாய்தாவுக்கும் காலை பத்து மணிக்கு கோர்ட் வாசல் வேப்பமரத்தடியில் இருப்போம், வேண்டியவர்கள் வாங்கிக்கொள்ளுங்கள். நிரப்பத் தெரியாவிட்டால் உட்கார்ந்து நிரப்பித் தருகிறோம்.

நன்றியுடன்,
குடும்பத்தார்