போர்ப் படங்களில் புதுப் பையன்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

தாங்களாகவே பெயர் கொடுத்து, பயிற்சி சரியாக முடியாமலே போர்முனைக்குப் போகும் இளைஞர்களைப் பற்றிய படங்கள் நேரடித் தமிழிலும் டப்பிங்கிலும் வருகின்றன. கம்மவான்பேட்டை போல வீட்டுக்கு வீடு பட்டாளத்துக்காரர் இருக்கும் ஊர்களைக் கொண்டது வேலூர் மாவட்டம். நாளைக்கு ஆள்சேர்ப்பு முகாமுக்குப் போகப்போகிற பையன்தான் இங்கே முதல் வரிசையில் உட்கார்ந்து பார்க்கிறான். புதியவன் எதனால் சாகிறான் என்பதையே இந்தப் படங்கள் தப்பாகக் காட்டுவது எங்களுக்குப் பெரிய வருத்தம்.

1962 சீனப் போரிலும் நம் படையினர் கையில் இருந்த த்ரீ நாட் த்ரீ ரைபிளையே எடுத்துக்கொள்ளுங்கள். மேகசினில், அதாவது தோட்டாக்கள் அடுக்கும் பெட்டியில், 10 தோட்டா. ஐந்தைந்தாகக் கிளிப்பில் வைத்து அழுத்த வேண்டும். அந்தத் தோட்டாவின் அடியில் விளிம்பு உண்டு. மேல் தோட்டாவின் விளிம்பு கீழ்த் தோட்டாவின் விளிம்புக்கு முன்னால் உட்கார வேண்டும். பதற்றத்தில் பின்னால் மாட்டிவிட்டால் தோட்டாவைக் குழாய்க்குள் ஏற்றும் போல்ட்டைத் தள்ளும்போது இரண்டும் கோத்துக்கொண்டு அடைத்துவிடும். எதிரி கண்ணெதிரே வரும்போது ஒரு பையன் அந்த அடைப்போடு போராடுவதை எந்தப் படத்திலும் காணோம்.

36 ரகக் கையெறி குண்டின் பாதுகாப்பு ஊசியான பின்னைக் கதாநாயகன் பல்லால் இழுக்கிறார். பின்னின் முனைகள் விரித்து மடக்கப்பட்டிருக்கும்; பல்தான் போகும். பின்னை உருவியபிறகும் கையால் அழுத்திப் பிடித்திருக்கும் லீவரை விட்டபிறகுதான், வெடிப்பதற்கான 4 நொடி ஓடத் தொடங்கும். புதியவனுக்கு ஆபத்து அவன் வீச்சில் இருக்கிறது: கை நடுங்கி வீசிய குண்டு பதுங்குகுழியின் மண்மேட்டில் பட்டுத் தன் ஆட்கள் நடுவிலேயே உருண்டு விழும். பயத்தில் எல்லோரும் ஒன்றாக ஒண்டிக்கொள்வதும் அப்படித்தான், ஒரே குண்டில் பலர் போவார்கள்.

எல்லாவற்றையும் விட முக்கியம் சத்தம். தோட்டா ஒலியை முந்தி வரும். தலைக்கு மேல் ‘படார்’ என்று முதலில் கேட்பது தோட்டா போகும் சத்தம். துப்பாக்கியின் ‘டொம்’ அதற்குப் பிறகுதான் வந்து சேரும். புதியவன் முதல் சத்தத்தை நம்பித் தப்பான பக்கம் திரும்பிப் படுப்பான். அனுபவசாலி இரண்டாவதற்காகக் காத்திருந்து, திசையையும் தூரத்தையும் கணிப்பார். முதல் உலகப் போரைப் பற்றி 1930-இல் வந்த ‘ஆல் கொயட் ஆன் த வெஸ்டர்ன் ஃபிரண்ட்’ என்ற ஹாலிவுட் படத்தில் பழைய சிப்பாய் ஒருவர், பீரங்கிக் குண்டு வரும்போது எப்போது தரையில் விழ வேண்டும் என்று பையன்களுக்குச் சொல்லித் தருவார். அந்த ஒரு காட்சி போதும், அவர்கள் எவ்வளவு பச்சைப் பிள்ளைகள் என்று தெரிய. நம் படங்களிலோ இரண்டு சத்தமும் ஒன்றாகவே கேட்கின்றன. 400 மீட்டரில் இருந்து சுட்டால் நடுவே ஏறக்குறைய அரை நொடி இடைவெளி வேண்டும். ஒலிப்பதிவாளர்கள் மனசு வைத்தால் இதற்குத் தனிச் செலவே இல்லை.

இப்படிக்கு,
முன்னாள் படைவீரர்கள் சிலர்,
கணியம்பாடி, வேலூர் மாவட்டம்.