கில்லியன் கில்பர்ட்டுக்கு: அந்தப் பத்து வருஷமும் சேர்த்துத்தான்

அன்புள்ள கில்லியன் அவர்களுக்கு,

வணக்கம். உங்கள் நியூ ஆர்டர் குழுவின் ‘செரிமனி’ பாட்டின் இரண்டு பதிவுகளையும் மாற்றி மாற்றிக் கேட்டுவிட்டு இதை எழுத உட்கார்ந்தேன். முதல் பதிவு 1981 மார்ச்சில் வந்தது. அதில் மூன்று பேர்தான். இரண்டாவது அதே வருஷம் செப்டம்பரில் வந்தது. அதில் நீங்களும் இருக்கிறீர்கள். பாட்டு ஒன்றுதான், தயாரிப்பாளரும் அதே மார்ட்டின் ஹானெட்தான். முதல் பதிவைக் கேட்டால், நண்பனைப் பறிகொடுத்த அதிர்ச்சியிலிருந்து இன்னும் வெளியே வராத மூவர் வாசிப்பது தெரிகிறது. இரண்டாவதில் கிதார்கள் ஒன்றையொன்று முட்டாமல் நகர்கின்றன, பாட்டுக்கு ஒரு நிதானம் வந்துவிடுகிறது. முதல் பதிவுதான் உசத்தி என்று வாதாடும் ரசிகர்கள் நிறைய உண்டு. எனக்கு இரண்டாவதுதான். நியூ ஆர்டர் என்ற குழு உண்மையில் அங்கேதான் பிறக்கிறது என்று நினைக்கிறேன்.

இதைப் படிக்கப்போகும் தமிழ் வாசகர்களுக்காகக் கொஞ்சம் பின்னால் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். 1980 மே 18 அன்று, ஜாய் டிவிஷன் குழுவின் பாடகர் இயன் கர்ட்டிஸ் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். வயது 23. குழு அமெரிக்கா கிளம்ப வேண்டிய நேரம் அது. மிஞ்சிய பெர்னார்ட் சம்னர், பீட்டர் ஹுக், ஸ்டீஃபன் மாரிஸ் மூவரும் நியூ ஆர்டர் என்ற புதுப் பெயரில் தொடர முடிவு செய்தார்கள். சம்னர் பாட ஆரம்பித்தார். பாடிக்கொண்டே வாசிப்பது அவருக்குச் சிரமமாக இருந்ததால் இன்னொரு ஜோடிக் கைகள் தேவைப்பட்டன. மேலாளர் ராப் கிரெட்டன் உங்கள் பெயரைச் சொன்னார். ஸ்டாக்போர்ட்டில் கிராஃபிக் டிசைன் படித்துக்கொண்டிருந்த உங்களுக்கு அப்போது 19 வயது. ஸ்டீஃபனின் தோழியாக அவர்களுக்கு ஏற்கெனவே பழக்கம். லிவர்பூலின் எரிக்ஸ் கிளப்பில் ஒருமுறை ஜாய் டிவிஷன் மேடையிலேயே கிதார் வாசித்துமிருந்தீர்கள். 1980 அக்டோபரில் குழுவில் சேர்ந்தீர்கள், படிப்பு நின்றுபோனது.

துக்கம் நடந்த வீட்டுக்குள் புதிதாக நுழைவது எவ்வளவு கஷ்டம் என்று எங்கள் பக்கத்தில் எல்லோருக்கும் தெரியும். அங்கே சத்தமாகப் பேசவும் முடியாது, சும்மா நிற்கவும் முடியாது. இறந்தவரின் இடத்தைப் பிடிக்க வந்ததாக யாரும் நினைத்துவிடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும், வேலையையும் எடுத்துச் செய்ய வேண்டும். 19 வயதில் அதைச் செய்திருக்கிறீர்கள்.

நானும் கீபோர்டு வாசிப்பவள் என்பதால், உங்கள் ‘ப்ளூ மண்டே’ பாட்டைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே பேச ஆசை. அதைக் கேட்டு வியப்பவர்கள் பெரும்பாலும் அந்த டிரம் இயந்திரத்தின் தொடக்க அடியைப் பற்றித்தான் பேசுகிறார்கள். அந்தப் பாட்டை இயந்திரத்துக்குள் ஏற்றுவது என்றால் என்ன வேலை என்பதை யாரும் நின்று யோசிப்பதில்லை. இன்றைக்குக் கணினித் திரையில் ஒரு சுரத்தை மவுஸால் இழுத்து வைத்துவிடலாம், பிடிக்காவிட்டால் அழித்துவிடலாம். 1982-இல் மிடி என்ற பொது ஏற்பாடே கிடையாது. அது அடுத்த வருஷம்தான் வந்தது. ஒரு கம்பெனியின் டிரம் இயந்திரம் இன்னொரு கம்பெனியின் சிந்தசைசரோடு பேசாது. உங்களிடம் இருந்தது ஓபர்ஹைம் டிஎம்எக்ஸ் டிரம் இயந்திரமும் மூக் சோர்ஸ் சிந்தசைசரும். இரண்டையும் சேர்ந்து ஓடவைக்க மார்ட்டின் அஷர் என்ற விஞ்ஞானி ஒரு மின்சுற்று வடிவமைத்துத் தந்தார். நடுவில் இருந்த பவர்ட்ரான் சீக்வென்சரோ (சுரங்களை வரிசையாக நினைவில் வைத்துத் தானே வாசிக்கவைக்கும் கருவி), சம்னர் உதிரிபாகங்கள் வாங்கி வீட்டிலேயே பூட்டியது.

அந்த சீக்வென்சருக்குள் ஒவ்வொரு சுரமாக, ஒவ்வொரு இடைவெளியாக, ஏழரை நிமிடப் பாட்டு முழுவதையும் கையால் ஏற்றும் பொறுப்பு உங்களுடையது. ஏ4 தாள்களை வரிசையாக ஒட்டி, ஸ்டூடியோவின் நீளத்துக்கு விரித்து வைத்திருந்ததாகவும், அது ஒரு பெரிய பின்னல் வேலை வரைபடம்போல இருந்ததாகவும் ஒரு பேட்டியில் சொல்லியிருக்கிறீர்கள். அதில் ஒரு சுரம் தவறி விட்டுப்போனது. இப்படிப்பட்ட இயந்திரத்தில் ஒரு படி குறைந்தால் அதற்கு அப்புறம் வருவதெல்லாம் முன்னால் நகர்ந்துவிடும். டிரம் ஒரு பக்கம் நேராகப் போக, மெட்டு அதிலிருந்து ஒரு நூல் விலகி ஓடுகிறது. இதுதான் ‘ப்ளூ மண்டே’யின் நெஞ்சுப் படபடப்பு. கட்டத்துக்குள் கச்சிதமாக உட்கார்ந்திருந்தால் அது நல்லதொரு நடனப் பாட்டாக இருந்திருக்கும், அவ்வளவுதான். இப்போது அது உலகத்திலேயே அதிகம் விற்ற 12 அங்குல சிங்கிள் (தனிப் பாட்டுக்கான இசைத்தட்டு).

தவறி நடந்ததுதானே, இதில் உங்களுக்கு என்ன பெருமை என்று யாராவது கேட்கலாம். ஏழரை நிமிடத்தை எண்ணி எண்ணி எழுதியவருக்குத்தான் ஒரு சுரம் தவறும். மற்ற எல்லாச் சுரமும் சரியாக உட்கார்ந்திருப்பதால்தான் அந்த விலகல் அழகாகக் கேட்கிறது. நான் இதைப் பெரிய திறமை என்றே சொல்வேன்.

அதே பாட்டை 1983-இல் பிபிசியின் ‘டாப் ஆஃப் த பாப்ஸ்’ நிகழ்ச்சியில் நேரடியாக வாசித்தீர்கள். பதிவை ஓடவிட்டு வாயசைத்துவிட்டுப் போவதுதான் அங்கே வழக்கம். நீங்கள் நால்வரும் நிஜமாகவே வாசிப்போம் என்று நின்றீர்கள். இயந்திரங்கள் ஒத்துழைக்கவில்லை, அது எல்லோருக்கும் தெரிந்த கதை. அந்தக் காட்சியை இப்போது பார்த்தாலும் எனக்கு உங்கள் மேல் மரியாதைதான் கூடுகிறது.

அப்புறம், 1985-இல் ஜானதன் டெமி இயக்கிய ‘த பெர்ஃபெக்ட் கிஸ்’ வீடியோ. பத்து நிமிடத்துக்கும் மேலே ஓடும். கதை கிடையாது, அலங்காரம் கிடையாது. ஒத்திகை அறையில் நால்வர் வாசிக்கிறார்கள். கேமரா முகத்தையும் விரல்களையும் மட்டுமே பார்க்கிறது. கீபோர்டு வாசிக்கும் இளைஞர்கள் யார் கேட்டாலும் முதலில் இதைப் பார்க்கச் சொல்வேன். தன் முறை வரும்வரை காத்திருப்பது எப்படி என்று உங்கள் முகத்தைப் பார்த்துக் கற்றுக்கொள்ளலாம். வாசிக்காத நேரத்திலும் நீங்கள் பாட்டுக்குள் இருக்கிறீர்கள், எண்ணிக்கொண்டே இருக்கிறீர்கள். வேலையைப் பார்க்கும் ஒருவரின் முகம் அது. மேடையில் அசையாமல் நிற்பவர், சிரிக்காதவர் என்று உங்களைப் பற்றி எழுதியவர்கள் இந்த வீடியோவை ஒழுங்காகப் பார்த்தார்களா என்று தெரியவில்லை. முழங்கால் வரை பேஸ் கிதாரைத் தொங்கவிட்டு மேடையெங்கும் நடக்கும் ஹுக் பக்கத்திலேயே இருக்கும்போது, நின்ற இடத்தில் நின்று வாசிப்பவர் கண்ணில் படுவதில்லைதான். பாட்டுகளையும் ‘நியூ ஆர்டர்’ என்று ஒரே பெயரில் வெளியிட்டதால், யார் எதைச் செய்தார்கள் என்பது உறையைப் பார்த்தும் தெரியாது. எல்லோரும் சமம் என்ற அந்த ஏற்பாடு நல்லதுதான். ஆனால் சத்தமில்லாதவரின் பங்கு அதில்தான் முதலில் மறைகிறது.

ஓர் உதாரணம் சொல்கிறேன். 1990 உலகக் கோப்பைக்காக இங்கிலாந்து கால்பந்து அணியுடன் செய்த ‘வேர்ல்ட் இன் மோஷன்’தான் பிரிட்டனில் முதலிடத்தைத் தொட்ட ஒரே நியூ ஆர்டர் சிங்கிள். நீங்களும் ஸ்டீஃபனும் பிபிசியின் ‘ரிப்போர்ட்டாஜ்’ நிகழ்ச்சிக்காகப் போட்ட முகப்பிசையிலிருந்துதான் அந்தப் பாட்டு வளர்ந்தது. கால்பந்து வீரர் ஜான் பார்ன்ஸ் அதில் ராப் பாடியது எல்லோருக்கும் ஞாபகம் இருக்கிறது. மெட்டு எங்கிருந்து வந்தது என்பது எத்தனை பேருக்கு ஞாபகம்?

சம்னர் எலக்ட்ரானிக் என்றும் ஹுக் ரிவெஞ்ச் என்றும் தனித்தனிக் குழு கண்டபோது, நீங்களும் ஸ்டீஃபனும் ‘தி அதர் டூ’ ஆனீர்கள். 1991-இல் வந்த ‘டேஸ்டி ஃபிஷ்’ஷில் உங்கள் குரல் எவ்வளவு இயல்பாக, பளிச்சென்று இருக்கிறது! அது பிரிட்டன் விற்பனைப் பட்டியலில் 41-ஆம் இடத்தோடு நின்றுபோனதில் எனக்கு இன்றும் வருத்தம். 1992-இல் உங்கள் இசைத்தட்டு நிறுவனமான ஃபேக்டரி ரெக்கார்ட்ஸ் திவாலானதில் ஆல்பமும் தாமதமாகி, 1993-இல்தான் வெளிவந்தது.

சரி, இந்தக் கடிதத்தை எழுதவைத்த விஷயத்துக்கு வருகிறேன். உங்கள் மகள் நோயுற்றாள். அவளைப் பார்த்துக்கொள்ள 2001-இல் நீங்கள் குழுவிலிருந்து விலகினீர்கள். உங்கள் இடத்தில் ஃபில் கன்னிங்ஹாம் வந்தார். 2005-இல் வந்த ஆல்பத்தில் நீங்கள் இல்லை. இடையில் உங்கள் உடம்புக்கே புற்றுநோய் வந்து, அதையும் கடந்தீர்கள். 2011 அக்டோபரில், நோயுற்றிருந்த உங்கள் நண்பரும் திரைப்படக்காரருமான மைக்கேல் ஷாம்பர்கின் சிகிச்சைச் செலவுக்காக பிரஸ்ஸல்ஸிலும் பாரிஸிலும் நடந்த கச்சேரிகளில் மறுபடி கீபோர்டு முன்னால் நின்றீர்கள். பத்து வருஷம்.

உங்களைப் பற்றிய கட்டுரைகள் இந்தப் பத்து வருஷத்தை ‘இடைவெளி’ என்று ஒரே வரியில் தாண்டிவிடுகின்றன. அதை அப்படித் தாண்டிப் போக எனக்கு மனம் ஒப்பவில்லை. ஒரு கலைஞரின் வாழ்க்கையை எழுதும்போது அவர் நிறுத்தியதும், ஏன் நிறுத்தினார் என்பதும், திரும்பி வந்தபோது கை என்ன நினைவு வைத்திருந்தது என்பதும் அந்தக் கலைக்குள்தானே வரவேண்டும்? திரும்பி வந்த பிறகு நீங்கள் வெறுமனே பழைய பாட்டுகளை வாசித்துக்கொண்டிருக்கவில்லை. 2015-இல் ‘மியூசிக் கம்ப்ளீட்’ வந்தது. பல வருஷம் கழித்து சிந்தசைசர் மறுபடி முன்னால் வந்த ஆல்பம் அது. நீங்கள் இல்லாத ஆல்பத்தையும் இதையும் அடுத்தடுத்துக் கேட்டால் வித்தியாசம் உடனே தெரியும். 2017-இல் மான்செஸ்டர் சர்வதேச விழாவில், பழைய கிரனாடா ஸ்டூடியோவில், 12 இளம் சிந்தசைசர் கலைஞர்கள் உங்கள் குழுவுக்குப் பின்னால் அடுக்கடுக்காக நின்று வாசித்தார்கள். முன்பு இரண்டு கைகளும் ஒரு சீக்வென்சரும் செய்த வேலையை 12 பேர் பங்குபோட்டுக்கொண்டார்கள்.

உங்கள் குழுவின் மற்ற மூவரும் தங்கள் நினைவுகளைப் புத்தகமாக எழுதிவிட்டார்கள். ஹுக்கும் ஸ்டீஃபனும் ஒன்றுக்கு மேலேயே எழுதியிருக்கிறார்கள். ஒரே சம்பவத்தை மூன்று விதமாகப் படித்துவிட்டேன். நான்காவது விதம் வேண்டும் எனக்கு. அந்த ஏ4 தாள்களில் என்ன குறியீடு பயன்படுத்தினீர்கள்? விட்டுப்போன சுரத்தை முதலில் கண்டுபிடித்தது யார், அப்படியே இருக்கட்டும் என்று சொன்னது யார்? அந்தப் பத்து வருஷத்தில் வீட்டில் கீபோர்டு திறந்திருந்ததா, மூடியிருந்ததா? உங்கள் இடத்தில் வேறொருவர் வாசித்த கச்சேரிகளைக் கேட்டீர்களா? பிரஸ்ஸல்ஸில் மேடை ஏறுவதற்கு முன்னால் எந்தப் பாட்டை அதிகம் ஒத்திகை பார்த்தீர்கள்?

நேரம் கிடைக்கும்போது எழுதுங்கள். புத்தகமாகத்தான் வரவேண்டும் என்றில்லை, நீண்ட பேட்டியாக இருந்தாலும் போதும்.

மிகுந்த அன்புடன்,
கீபோர்டு வாசிக்கும் ஒரு தமிழ் ரசிகை