பூம்புகார் கடலடியில் கிடக்கும் கப்பலைக் காக்கக் கோரும் மனு

அனுப்புநர்
கடலடி அகழாய்வாளர்,
பூம்புகார்.

பெறுநர்
மாவட்ட ஆட்சித் தலைவர் அவர்கள்,
மயிலாடுதுறை.

பொருள்: மூழ்கிய கப்பல் கிடக்கும் பகுதியில் இழுவலையைத் தவிர்ப்பதும், மீனவர் வலையில் வரும் பழம்பொருட்களைப் பெற்றுக்கொள்ள வழி செய்வதும் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

பூம்புகாருக்கு எதிரே சுமார் 19 மீட்டர் ஆழத்தில் ஒரு பழைய கப்பலின் மிச்சம் கிடக்கிறது. தேசியக் கடலியல் நிறுவனத்தார் அங்கே மூழ்கி எடுத்த ஈயக் கட்டிகளில் 'டபிள்யூ பிளாக்கெட்' என்ற பெயரும் 1791, 1792 ஆகிய ஆண்டுகளும் பொறித்திருந்தன. வட இங்கிலாந்தில் ஈயச் சுரங்கம் வைத்திருந்த குடும்பத்தின் பெயர் அது. அந்தக் காலத்தில் தரங்கம்பாடி டேனிஷ்காரர் கையிலும் நாகப்பட்டினம் ஆங்கிலேயர் கையிலும் இருந்தன. ஈயம் யாருக்குப் போனது, கப்பல் யாருடையது என்று தெரிய வேண்டுமென்றால், எந்தப் பொருள் எதன் பக்கத்தில் கிடக்கிறது என்று கிடந்த இடத்திலேயே அளந்து வரைய வேண்டும். இழுவலையின் வாயை விரித்துப் பிடிக்கும் பலகை ஒருமுறை உரசிப் போனாலும் அந்த வரிசை குலைந்துவிடும். அப்புறம் என்ன செய்தாலும் திரும்பாது.

போன ஆண்டு ஒரு மீனவ அண்ணன் வலையில் வந்த மரத்துண்டைக் காட்டினார். செப்பு ஆணி அடித்த, கை நீளத் துண்டு. நான் போய்ப் பார்ப்பதற்குள் நாலைந்து நாள் திண்ணையில் வெயிலில் கிடந்து, நெடுக வெடித்திருந்தது. கடலில் ஊறிய மரத்தை உப்புநீரிலேயே போட்டு வைத்து, பிறகு மெல்ல மெல்ல நன்னீருக்கு மாற்றி, உப்பை வெளியேற்ற வேண்டும். அவர் மேல் தவறே இல்லை. யாரிடம் கொடுப்பது என்று அவருக்குத் தெரியவில்லை. கொடுத்தால் போலீஸ், விசாரணை என்று அலைய வேண்டுமோ என்ற பயம் வேறு. ஈயம் கிடைத்தால் உருக்கி வலைக்குக் குண்டாக்கிவிடுகிறார்கள் என்றும் அவரே சொன்னார்.

ஆகவே மீன்வளத்துறை மூலம் அந்தப் பகுதியைச் சற்று அகலமாகக் குறித்து, இழுவலை போட வேண்டாம் என்று கிராமப் பஞ்சாயத்துகள் வழியாகச் சொல்ல வேண்டுகிறேன். மிதவை போட்டு இடத்தைக் காட்ட வேண்டாம். அது திருடுபவர்களுக்கும் வழிகாட்டும். பொருளைக் கொண்டு வருபவருக்கு விசாரணை எதுவுமின்றி ஒரு ரசீதும், கிடைத்த இடத்தின் ஜிபிஎஸ் குறிப்பைப் பதிய ஒரு பதிவேடும் போதும். பூம்புகாரில் உள்ள கடலடி அகழ்வைப்பகத்தில் இரண்டு உப்புநீர்த் தொட்டிகளும் வேண்டும்.

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையிலான மீன்பிடித் தடைக்காலத்தில் விசைப்படகுகள் கரையில் நிற்கும். அந்த நாட்களில் தொல்லியல் துறையோடு சேர்ந்து அளவெடுக்க அனுமதியும் ஒரு ஃபைபர் படகும் கிடைத்தால், வேலையில்லாமல் இருக்கும் படகுத் தொழிலாளர்களையே கூலி கொடுத்து உடன் அழைத்துக்கொள்ளலாம். எந்த இடத்தில் வலை மாட்டும் என்பது அவர்களுக்கு மனப்பாடம். கலங்கல் தண்ணீரில் கயிற்றைப் பிடித்துத் தடவித் தடவிப் போகும் எங்களுக்கு அவர்கள் சொல்லும் அடையாளம்தான் கண்.

அடுத்த தடைக்காலத்துக்கு முன் உத்தரவிடுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
(கையொப்பம்)