அந்தக் கோடுகளை எடு

அன்புள்ள மக்கா,

நலம். அம்மாவின் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததாம், தங்கச்சி சொன்னாள். கட்டுப் பிரித்ததும் முதலில் உன் மூஞ்சியைப் பார்க்கும்படி ஆகிவிட்டதே என்பதுதான் என் வருத்தம். இங்கே இங்கிலாந்தில் எல்லாரும் சுகம். குளிர் இன்னும் விடவில்லை.

சரி, விஷயம் அவசரம். நம்ம ஊர் ஃபுட்பால் போட்டிக்கு என்று நீ வாட்ஸப்பில் அனுப்பிய ஃபிளெக்ஸைப் பார்த்தேன். 22 அணியின் பெயரும் போட்டு, முதல் ஆட்டத்திலிருந்து பைனல் வரைக்கும் கோடு இழுத்து, நடுவில் கோப்பை, மூலையில் கூலிங் கிளாஸோடு நீ. உன் படம் இருந்துவிட்டுப் போகட்டும். அந்தக் கோடுகளை எடுக்கச் சொல். பிரஸ்ஸில் கொடுத்திருந்தால் இப்போதே நிறுத்து. இதைப் போனிலேயே சொல்லலாம்தான். ஆனால் பிடிக்காத பேச்சு வந்தால் உனக்கு டவர் கிடைக்காது, அது எனக்குத் தெரியும்.

இங்கிலாந்தின் நாக்கவுட் ஃபுட்பால் போட்டியான எஃப்.ஏ. கோப்பைக்கு ஆட்ட அட்டவணை போடுவது பற்றி நீ கேட்டது ஒரே கேள்வி: "அங்க எஃப்.ஏ. கோப்பையில எழுநூறு டீம் ஆடுதுன்னு சொல்லுவியே, அவனுவ எப்படி ஃபிக்ஸ்சர் போடுதானுவ?"

முதலில் உன் கணக்கு. நாக்கவுட்டில் ஒரு ஆட்டம் ஒரு அணியை வீட்டுக்கு அனுப்பும். 22 பேரில் 21 பேர் போனால்தான் ஒருவன் மிஞ்சுவான், ஆக மொத்தம் 21 ஆட்டம். (நம்ம 'வாக்கோவர்' பயலிடம் கேட்டால் 23 என்பான், கண்டுகொள்ளாதே.) 22-ஐ 16 ஆக்க 6 பேர் குறைய வேண்டும். அதற்கு 12 அணி ஆடினால் போதும், மீதி 10 அணிக்கு பை, அதாவது ஆடாமலே அடுத்த சுற்று. அந்தப் பத்து யார் என்பதில்தான் உங்கள் கமிட்டியில் அடிதடி, இல்லையா?

எஃப்.ஏ. கோப்பையில் இந்த அடிதடி இல்லாததற்குக் காரணம், அவர்கள் பையை பை என்றே சொல்வதில்லை. அதற்குச் சுற்று என்று பெயர் வைத்துவிட்டார்கள். ஆகஸ்டில், முதல் அடுக்கான பிரீமியர் லீக் தொடங்குவதற்கு முன்பே, கூடுதல் முன்சுற்று என்று ஒன்று நடக்கும். பெரும்பாலும் ஒன்பதாம் அடுக்கு லீக்கில் ஆடுகிற அணிகள். பிறகு முன்சுற்று. அப்புறம் நான்கு தகுதிச் சுற்று. போகப்போக மேலடுக்கு அணிகள் கொஞ்சம் கொஞ்சமாக வந்து சேரும். ஐந்தாம் அடுக்கான நேஷனல் லீக்கின் 24 அணிகள் நான்காம் தகுதிச் சுற்றில்தான் வருகின்றன. அதில் ஜெயித்த 32 பேரோடு, மூன்றாம், நான்காம் அடுக்கான லீக் ஒன், லீக் டூ அணிகள் 48 சேர்ந்து, நவம்பரில் முதல் சுற்று. ஆறு சுற்று முடிந்த பிறகு முதல் சுற்றாம்! 80 அணி 40 ஆகும், 40 அணி 20 ஆகும். அந்த 20 பேரோடு ஜனவரியில் பிரீமியர் லீக், இரண்டாம் அடுக்கான சாம்பியன்ஷிப் அணிகள் 44 வந்து உட்காரும். 64 ஆயிற்றா? இனி பாதி பாதியாக வெட்டிக்கொண்டே போகலாம், யாருக்கும் பை வேண்டாம். கூட்டல் கழித்தல் தொல்லையெல்லாம் கீழேயே, ஆளில்லாத மைதானங்களில், ஆகஸ்டிலேயே முடிந்துவிடுகிறது. 2011-12இல் 763 அணிகள் பெயர் கொடுத்தன. அப்போதும் ஜனவரியில் 64தான்.

கல்யாண வீட்டில் காய் நறுக்க வராமல் நேரே பந்திக்கு வந்து உட்காருகிற மாப்பிள்ளை வீட்டார் மாதிரிதான் அந்த 44 பேரும். மான்செஸ்டர் யுனைடெட்டுக்கு 6 ஆட்டம் ஜெயித்தால் கோப்பை. கூடுதல் முன்சுற்றில் தொடங்குகிறவன் 14 ஜெயிக்க வேண்டும். இருந்தாலும் இது நியாயம்தான் என்பது என் கட்சி. சின்ன அணி தன் சமானத்தோடு ஆடி இரண்டு மூன்று ஆட்டமாவது ஜெயித்துப் பார்க்கிறது. முதல் நாளே பெரிய அணியிடம் ஏழு கோல் வாங்கிக்கொண்டு போவதில் யாருக்கு என்ன சந்தோஷம்? நீயும் அப்படியே செய். நம்ம ஊர்ப் பையன்கள் அணி 12, முதல் சுற்று. காசு கொடுத்து வெளியூர் ஆள் இறக்குகிற பத்தும் 16-ல் வந்து சேரட்டும். பை என்று சொல்லாதே, சண்டை வராது.

இன்னொன்றும் பார்த்தேன். நடப்புச் சாம்பியன் என்று உங்கள் அணியை நேரே குவாட்டர் பைனலில் உட்கார வைத்திருக்கிறாய். பாவி! ஆனால் இதை முதலில் செய்தவன் நீ இல்லை. எஃப்.ஏ. கோப்பை 1871-72இல் தொடங்கியபோது 15 அணிதான். வாண்டரர்ஸ் ஜெயித்தார்கள். அடுத்த வருஷம் அவர்களுக்கு ஆட்டமே கிடையாது, நேரே பைனல். மைதானத்தைத் தேர்ந்தெடுப்பதும் அவர்களே. லண்டனில் லில்லி பிரிட்ஜைச் சொன்னார்கள். அதே நாள் தேம்ஸில் ஆக்ஸ்போர்டு - கேம்பிரிட்ஜ் படகுப் போட்டி இருந்ததால், கூட்டம் அதற்கும் போகட்டும் என்று பைனலைக் காலையிலேயே வைத்தார்கள். வாண்டரர்ஸே 2-0 என்று ஜெயித்தார்கள். அந்த ஏற்பாடு அந்த ஒரு வருஷத்தோடு சரி. வெட்கம் என்று ஒன்று இருக்கிறதல்லவா.

இப்போது கோடு. எஃப்.ஏ. கோப்பையில் கோடே கிடையாது. ஒரு சுற்று முடிந்ததும் மிஞ்சியவர்களின் நம்பரை எல்லாம் மறுபடி பந்தாகப் போட்டுக் குலுக்குவார்கள். முதலில் வருகிற பந்துக்கு சொந்த மைதானம், அடுத்தது விருந்தாளி. பெரிய அணி, சின்ன அணி என்று பிரித்து வைப்பதில்லை. 2024 ஜனவரியில் ஆர்சனலும் லிவர்பூலும் மூன்றாம் சுற்றிலேயே மோதின, ஆர்சனல் வெளியே போனது. கீழ்ச்சுற்றுகளில் மட்டும் வட்டாரம் வட்டாரமாகப் பிரித்துக் குலுக்குவார்கள், வேலைக்குப் போகிற பையன்கள் நாடு முழுக்கச் சுற்ற முடியாது என்பதற்காக.

உன் ஃபிளெக்ஸில் பலமான ஆறு அணியும் இடது பக்கம். வலது பக்கம் உங்கள் அணியும் பள்ளிக்கூடப் பையன்களும். நீ வேண்டுமென்று செய்யவில்லை என்று நான் நம்புகிறேன். ஊரில் வேறு யாரும் நம்ப மாட்டார்கள். ஒவ்வொரு சுற்றும் முடிந்ததும் மைதானத்திலேயே, மைக்கில், குலுக்கிப் போடு. தோற்றவனும் அடுத்து யாருக்கு யார் என்று பார்க்க நிற்பான், சுண்டல்காரனுக்கும் வியாபாரம்.

இங்கே எங்கள் ஊர் கிளப்பில் குலுக்கல் நாள் எப்படி இருக்கும் தெரியுமா? நான் சனிக்கிழமை வாசலில் டிக்கெட் கிழிக்கிறேன் என்று சொல்லியிருக்கிறேனே, அதே கிளப். ஃபிக்ஸ்சர் பார்க்கிறவர் ரிட்டையரான பஸ் டிரைவர். சீசன் முழுக்க லீக் ஆட்டங்களைப் பெரிய தாளில் பென்சிலால் எழுதி வைத்திருப்பார், காதில் அழிரப்பர் வைத்த பென்சில். கோப்பையில் ஒரு சுற்று ஜெயித்தால் அடுத்த சுற்றுச் சனிக்கிழமைக்கான லீக் ஆட்டம் அழியும், ஏதாவது ஒரு செவ்வாய்க்குப் போகும். இன்னொன்று ஜெயித்தால் இன்னொன்று. மழை வந்தால் அதுவும் சேரும். கடைசியில் ஏப்ரலில் சனி, செவ்வாய், வியாழன் என்று ஆடிக் காலைத் தேய்ப்பார்கள். டீக்கடை அம்மாவுக்கு வேறு கவலை: சொந்த மைதானமா, வெளியூரா? அதைப் பொறுத்துத்தான் பன் ஆர்டர். ஜெயித்த சந்தோஷத்தில் எல்லாரும் கத்துவார்கள், அந்த மனுஷர் மட்டும் அழிரப்பரைத் தேடுவார்.

அதனால்தான் கேட்கிறேன்: 21 ஆட்டத்துக்கு நாள் குறித்தாயே, மழைக்கென்று ஒரு நாளாவது விட்டிருக்கிறாயா? 1963இல் இங்கே என்ன ஆயிற்று என்று கேள். அந்தக் குளிர்காலத்தில் தரை கல்லாக உறைந்துவிட்டது. மூன்றாம் சுற்றின் 32 ஆட்டமும் ஜனவரி 5இல் நடக்க வேண்டும், அன்றைக்கு நடந்தது மூன்றே மூன்று. ஒத்திவைப்பு, மறுபடி ஒத்திவைப்பு. லிங்கனும் கவென்ட்ரியும் ஆட வேண்டிய ஆட்டம் மட்டும் 15 தடவை தள்ளிப்போனது. அந்த ஒரு சுற்று முடிய 66 நாள் ஆயிற்று, மார்ச் வந்துவிட்டது. பைனலை மே 4இலிருந்து மே 25க்குத் தள்ளினார்கள். உங்களுக்குப் பனி விழாது, ஆனால் திருவிழாவுக்கு முந்தின வாரம் மழை பெய்யாத வருஷம் எது?

ஆள் வராவிட்டால் என்ன செய்வாய் என்பதும் யோசி. நம்ம பயல் 'வாக்கோவர்' என்று பெயர் எடுத்த கதை ஊருக்கே தெரியும். 1999-2000இல் மான்செஸ்டர் யுனைடெட் கிளப் உலகப் போட்டிக்காக பிரேசில் போகிறோம் என்று கோப்பையையே விட்டுவிட்டது, அதுவும் நடப்புச் சாம்பியன்! எதிரணிக்குச் சும்மா வாக்கோவர், அதாவது ஆடாமலே வெற்றி, கொடுக்காமல், இரண்டாம் சுற்றில் தோற்ற 20 அணிகளைக் குலுக்கி ஒன்றை எடுத்தார்கள். டார்லிங்டனுக்கு அடித்தது யோகம். ஆஸ்டன் வில்லாவிடம் 2-1 என்று தோற்று, ஒரே கோப்பையில் இரண்டு தடவை வெளியே போனார்கள். இந்த விதியை நீ தாராளமாகத் திருடிக்கொள்ளலாம்.

இனி என் வயிற்றெரிச்சல். கேட்டுத்தான் ஆக வேண்டும்.

டிரா ஆனால் உன் விதி: நேரே பெனால்டி. 21 ஆட்டத்தை ஒரு வாரத்தில் முடிக்கிறவனுக்கு வேறு வழி இல்லை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் இங்கே மறு ஆட்டம் என்று ஒன்று இருந்தது. சனிக்கிழமை டிரா ஆனால், அடுத்த வாரம் எதிரணி மைதானத்தில் மறுபடி. ஒரு காலத்தில் முடிவு கிடைக்கும் வரை ஆடுவார்கள். 1971இல் ஆல்வ்சர்ச்சும் ஆக்ஸ்போர்டு சிட்டியும் நான்காம் தகுதிச் சுற்றில் ஆறு ஆட்டம், 11 மணி நேரம் ஆடித்தான் ஆல்வ்சர்ச் 1-0 என்று ஜெயித்தது. அது அளவுக்கு மீறியதுதான். 1991-92இலிருந்து ஒரே ஒரு மறு ஆட்டம், அதிலும் சமமானால் பெனால்டி என்று ஆக்கினார்கள். அது வரைக்கும் சரி.

அந்த ஒரு மறு ஆட்டம் என்ன செய்யும் பார். 1972இல் மேல் நான்கு அடுக்கு லீக்குக்கு வெளியே இருந்த ஹெரிஃபோர்டு, நியூகாசில் மைதானத்திலேயே போய் 2-2 என்று டிரா செய்தது. மறு ஆட்டம் மழையால் தள்ளித் தள்ளி, மற்றவர்கள் நான்காம் சுற்று ஆடுகிற நாளில் நடந்தது. மைதானம் முழுக்கச் சேறு. கடைசி நிமிடங்களில் நியூகாசில் 1-0. அப்போது ரோனி ராட்ஃபோர்டு ஏறக்குறைய 30 கஜத்திலிருந்து அடித்த அடி மேல் மூலையில் போய் விழுந்தது. பையன்கள் வேலி தாண்டி மைதானத்துக்குள் ஓடிவந்தார்கள். எக்ஸ்ட்ரா டைமில் மாற்றாளாக வந்த ரிக்கி ஜார்ஜ் அடித்து 2-1. ஐம்பது வருஷமாக இங்கே டிவியில் ஜனவரி பிறந்தால் அந்த கோலைத்தான் போடுகிறார்கள். இன்றைய விதிப்படி நியூகாசிலிலேயே எக்ஸ்ட்ரா டைமும் பெனால்டியும் வைத்து முடித்திருப்பார்கள். அந்த கோலே கிடையாது!

2005இல் எக்ஸிட்டர் சிட்டி. ஐந்தாம் அடுக்கில், கழுத்து வரை கடனில், ரசிகர்களே காசு போட்டு நடத்திய கிளப். மான்செஸ்டர் யுனைடெட்டின் மைதானமான ஓல்ட் டிராஃபோர்டில் 0-0. மறு ஆட்டத்தில் தோற்றார்கள்தான், ஆனால் இரண்டு ஆட்ட வசூலிலும் டிவி பணத்திலும் கிளப் பிழைத்தது. சின்ன கிளப்புக்கு டிரா என்பது அதுதான் மக்கா. அந்தக் கடைசிப் பத்து நிமிடம் பதினொரு பேரும் கோல் வாயில் நின்று தடுப்பது அதற்காகத்தான்.

2024-25இலிருந்து முதல் சுற்று தொடங்கி மறு ஆட்டம் கிடையாது. காரணம் நாள் இல்லையாம். ஐரோப்பாவின் பெரிய கிளப்புகள் ஆடுகிற சாம்பியன்ஸ் லீக்கில் ஆறாக இருந்த ஆரம்பக் கட்ட ஆட்டம் எட்டாயிற்று, ஜனவரியும் போயிற்று. நாட்களைத் தின்றது மேலே இருக்கிறவர்கள், பட்டினி கிடக்கச் சொல்வது கீழே இருக்கிறவர்களை. தங்களைக் கலந்து பேசவில்லை என்று கீழ் லீக் கிளப்புகள் கத்தின. யார் கேட்டார்கள்? 2020இலேயே லிவர்பூல், ஷ்ரூஸ்பரி மறு ஆட்டத்துக்குச் சின்னப் பையன்களை அனுப்பியது, கோச் க்ளோப் வரவே இல்லை. பையன்களே ஜெயித்தார்கள் என்பது வேறு விஷயம். ஆட்டக்காரர்களுக்கு ஓய்வு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் மறு ஆட்டத்துக்கு நாள் இல்லை என்கிறவர்களுக்கு டிவிக்காக ஒரே சுற்றை இழுக்க மட்டும் நாள் கிடைக்கிறது. 2025 ஜனவரியில் மூன்றாம் சுற்று வியாழக்கிழமையே தொடங்கி அடுத்த வாரம் வரை போனது. முன்பெல்லாம் சனிக்கிழமை மூணு மணிக்கு எல்லாம் சேர்ந்து தொடங்கும்.

நல்லதாக ஒன்றுமே இல்லை என்றும் சொல்ல முடியாது. அதே 2025இல் பைனலில் கிரிஸ்டல் பேலஸ் மான்செஸ்டர் சிட்டியை 1-0 என்று அடித்தது, அவர்களுடைய முதல் பெரிய கோப்பை. அன்று நான் வீட்டில் போட்ட கூச்சலுக்கு மேல்வீட்டுக்காரி கீழே இறங்கி வந்தாள்.

உன்னிடம் ஒரே ஒரு வேண்டுகோள். செமி இரண்டுக்கும் பைனலுக்கும் மட்டுமாவது நேரே பெனால்டிக்குப் போகாதே, எக்ஸ்ட்ரா டைம் பத்துப் பத்து நிமிடம் வை. அந்த மூன்றுக்கு உனக்கு நேரம் உண்டு, ஃபிளட்லைட் வாடகை கொஞ்சம் கூடும், அவ்வளவுதான். அதை நான் அனுப்புகிறேன், கமிட்டியில் என் பெயர் சொல்லாதே. குலுக்கலில் சீட்டு எடுக்க மாஸ்டரைக் கூப்பிடு, அவர் எடுத்தால் யாரும் வாய் திறக்க மாட்டார்கள். ரெஃபரியாக நம்ம 'கண்ணாடி' பயலைப் போடாதே, போன தடவை போதும். முதல் குலுக்கலை யாராவது நேரலையில் போட்டால் எனக்கு லிங்க் அனுப்பு. உங்கள் நேரம் சாயந்திரம் ஆறு மணிக்கு மேல் என்றால் எனக்கு வேலை முடிந்திருக்கும்.

உன்,
பழைய லெஃப்ட் பேக்