உலர்த்தி முதலில் வரட்டும்

அன்பின் மச்சானுக்கு,

பேத்தி பிறந்த செய்தியை எனக்கு எழுதாமல் என் மனைவியிடம் மட்டும் தொலைபேசியில் சொல்லியிருக்கிறாய். அதற்கான வழக்கை நீ ஊருக்கு வரும்போது வைத்துக்கொள்வோம். இங்கே எல்லோரும் சுகம். வயல்வெளியை மேற்பார்க்கும் வட்டை விதானையார் இன்னமும் உன் பட்டப்பெயரை விடாமல் ‘அரைப்புசல் எப்ப வருவான்’ என்றுதான் உன்னை விசாரிக்கிறார்.

நம் விவசாயிகள் சங்கத்தின் பொதுக்கூட்டம் அரிசி ஆலை அமைக்கும் தீர்மானத்தைப் பலத்த கரகோசத்துடன் நிறைவேற்றிவிட்டது. மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே நம் படுவான்கரையில் விளைந்த நெல் லொறியேறிப் பொலன்னறுவைக்குப் போய், பொதியில் அடைத்த அரிசியாக நம் கடைகளுக்கே திரும்பி வருவதைப் பார்த்துப் பார்த்து நொந்தவர்கள் எழுப்பிய கரகோசம் அது. அந்த நோவு எனக்கும் உண்டு. ஆயினும் ஆலைக்கு முன்னர் உலர்த்தும் இயந்திரமும் களஞ்சியமும் வேண்டும் என்று நான் எழுந்து சொன்னேன், செவிகொடுப்பார் இல்லை.

மாரி மழையை நம்பிச் செய்யும் முன்மாரி வேளாண்மை வெட்டுக்கு வரும் தை, மாசியில் மழை முற்றாக ஓய்வதில்லை என்பது உனக்குத் தெரியும். வெட்டு இயந்திரத்திலிருந்து இறங்கும் நெல்லில் 20 வீத ஈரம் இருப்பது சாதாரணம். 2025இல் அரசாங்கம் நாட்டு நெல்லுக்கு 120 ரூபாயும் சம்பாவுக்கு 125 ரூபாயும் உத்தரவாத விலையாக அறிவித்ததே, அது 14 வீத ஈரத்துக்குக் காய்ந்த நெல்லுக்குரிய விலை. 20 வீத ஈரமுள்ள 100 கிலோவை அந்த அளவுக்கு உலர்த்தினால் 93 கிலோ மிஞ்சும். ஆகவே நியாயமான கழிவு 7 கிலோ. வயலுக்கு வரும் வியாபாரியோ ஈரமானி கொண்டுவருவதில்லை. கையில் அள்ளிப் பார்த்துத் தமக்குத் தோன்றிய கழிவைச் சொல்கிறார். வீதியோரத்தில் படங்கு விரித்துவிட்டு வானத்தைப் பார்த்துக்கொண்டிருப்பவன், மனைவியின் நகையை அடகுவைத்துப் பசளை வாங்கியவன், அதற்குத் தலையாட்டுகிறான். நம்மவரின் நட்டம் அரைப்பதற்கு முன்பே, அந்த ஈரத்திலேயே தொடங்கிவிடுகிறது.

இனி ஆலையின் கணக்கைப் பார். 100 தொன் நாட்டு நெல்லை 120 ரூபாய்ப்படி வாங்குவதற்கு 1 கோடியே 20 இலட்சம் ரூபாய் வெட்டு நாளிலேயே கையில் இருக்க வேண்டும். மணிக்கு ஒரு தொன் அரைக்கும் ஆலை நாளுக்கு 8 மணித்தியாலம் ஓடினால், அவ்வளவும் இரண்டு வாரத்துக்குள் தீர்ந்துவிடும். பணத்தைப் பிறகு தருகிறோம் என்று சங்கம் சொன்னால், அங்கத்தவன் தன் நெல்லை வியாபாரிக்கே கொடுப்பான். கடன்காரன் வாசலில் நிற்கையில் அவனைக் குறைசொல்ல எனக்கு மனம் வராது. பின்பு, ஓடாமல் நிற்கும் ஆலைக்காகச் சங்கமே அதே வியாபாரியிடம் நெல் வாங்கும். விவசாயிகளின் பங்குப் பணத்தில் எழுந்த ஆலை அப்போது யாருக்கு உழைக்கும், மச்சான்?

உலர்த்திக்கு இந்தச் சுமை இல்லை. நெல் அவனவனுடையதாகவே இருக்கும். சங்கம் கூலியை மட்டும் பெறும். காய்ந்த நெல்லைக் களஞ்சியத்தில் வைத்து, விலை ஏறும் மாதத்தில் விற்கலாம். ஆலை இல்லாமல் உலர்த்தியின் அடுப்பில் எரிக்க உமி எங்கே என்று சங்கத் தலைவர் கேட்டார். நெல்லின் எடையில் ஐந்தில் ஒரு பங்கு உமிதான்; தனியார் ஆலைகளின் பின்புறத்தில் அது மலையாகக் குவிந்து கிடக்கிறது, பேசினால் கிடைக்கும். ஒன்றில் மட்டும் கவனம் வேண்டும். அவசரப்பட்டுச் சூட்டைக் கூட்டினால் மணி வெடித்துவிடும், அரைக்கும்போது குறுணலே மிஞ்சும். ஆகவே நம் பிள்ளைகள் இருவரையாவது பழக்கி எடுத்த பிறகே இயந்திரத்தை ஒப்படைக்க வேண்டும்.

ஆலை வேண்டாம் என்பதல்ல என் வாதம். இரண்டு மூன்று போகம் உலர்த்தியும் களஞ்சியமும் நேர்மையாக நடந்து, அங்கத்தவர்கள் தம் நெல்லைச் சங்கத்தின் வாசலுக்குக் கொண்டுவரப் பழகிவிட்டால், ஆலைக்குரிய நெல்லும் நம்பிக்கையும் சேர்ந்துவிடும்.

உபவிதிகளை எழுதியவன் நீ. தலைவர் உன் சொல்லைத் தட்டமாட்டார். இயந்திரங்களுக்கு விலைமனுக் கோருவதற்கு முன் அவருக்கு ஒரு கடிதம் எழுது. என் கணக்கை இத்துடன் தனித்தாளில் வைத்திருக்கிறேன். மின்சாரச் செலவையும் தேய்மானத்தையும் உன் பழைய கண்டிப்போடு சரிபார்த்து, பிழை கண்டால் சிவப்பு மையில் திருத்தி அனுப்பு.

அன்புடன்,
உன் நண்பன்