புரூஸ் கேம்பெலுக்குத் தோள்கொடுத்தவர்களுக்கு நன்றி மடல்

அன்புடையீர்,

வணக்கம். குறும்படங்களில் சிறு வேடங்கள் ஏற்று நடிப்பவன் நான். சிரிப்பையும் அச்சத்தையும் ஒரே காட்சியில் ஒரே உடலால் வெளிப்படுத்த முடியும் என்பதை அமெரிக்க நடிகர் புரூஸ் கேம்பெலைப் பார்த்தே தெரிந்துகொண்டேன். அவரை நினைக்கும்போதெல்லாம் அவருக்குத் துணை நின்ற உங்களையும் நினைப்பதால், என் நன்றியை இங்கே பதிவு செய்கிறேன்.

மிச்சிகன் மாநிலத்தில் பள்ளிப் பருவத்திலேயே அவரோடு சூப்பர் 8 எனும் சிறு படச்சுருளில் படங்கள் எடுத்த சாம் ரைமிக்கும், பின்னர் கைகோத்த தயாரிப்பாளர் ராப் டேப்பர்ட்டுக்கும் முதல் நன்றி. இவர்கள் 1978இல் மாதிரிக்காக எடுத்துக் காட்டிய குறும்படத்தை நம்பி, பெயர் தெரியாத இளைஞர்களின் கையில் பணத்தைக் கொடுத்த டெட்ராய்ட் வட்டாரத்தினரை எவ்வளவு போற்றினாலும் தகும். 1979இன் இறுதியில் டென்னசியின் மாரிஸ்டவுன் அருகே, காட்டுக்குள் இருந்த ஒரு பாழடைந்த மரவீட்டில், ரைமி இயக்க, கேம்பெல் நாயகனாக நடித்த 'ஈவில் டெட்' பேய்ப்படத்தின் படப்பிடிப்பு தொடங்கியது. கேமராவைப் பலகையில் பொருத்தி, அதன் இரு முனைகளையும் ஆளுக்கொரு பக்கம் பிடித்துக்கொண்டு மரங்களுக்கிடையே ஓடியவர்களுக்கும், அந்தக் குளிரில் பேய் முகங்களை உருவாக்கிய டாம் சல்லிவனுக்கும் என் வணக்கம்.

படத்தை முடிக்கப் பணம் போதாமல் போனபோது கேம்பெல் குடும்பத்தின் நிலம் பிணையாக வைக்கப்பட்டது. நடிப்பில் ஈடுபடும் பிள்ளைகளைப் பெற்ற வீடுகளில் இது எத்தனை பெரிய முடிவு என்பதை நான் அறிவேன். ஆகவே அக்குடும்பத்துக்குத் தனியே தலைவணங்குகிறேன். 1981 அக்டோபரில் முதல் காட்சிக்கு இடம்கொடுத்த டெட்ராய்ட் ரெட்ஃபோர்ட் திரையரங்குக்கும், படத்தை மனம்திறந்து பாராட்டியதோடு நில்லாமல் இரண்டாம் பாகத்துக்காகத் தயாரிப்பாளர் டினோ டி லாரன்டிஸிடம் பரிந்துபேசிய திகில் கதை எழுத்தாளர் ஸ்டீபன் கிங்குக்கும் நன்றி.

அந்த இரண்டாம் பாகம் 1987இல் வெளிவந்தது. அதில் பேய் பிடித்த தன் வலக்கையோடு சமையலறையில் கேம்பெல் போராடும் காட்சியை, நடிப்புப் பாடமாகவே திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். அந்தக் கை அவர் தலையில் தட்டுகளை ஒவ்வொன்றாக உடைக்கிறது. பிடித்துச் சுழற்றித் தரையில் குப்புறத் தள்ளுகிறது. அவர் மயங்கிக் கிடக்கையில் அவ்வுடலையே இழுத்துக்கொண்டு வெட்டுக்கத்தியை நோக்கி ஊர்கிறது. பார்ப்பவர் சிரித்தாலும், தாம் வேடிக்கை காட்டுவதாக அவர் ஒரு கணமும் காட்டிக்கொள்வதில்லை. வலி மெய்யாக இருப்பதால்தான் சிரிப்பும் மெய்யாக வருகிறது என்பது என் கருத்து. கை தனி, ஆள் தனி என்று நம்மை நம்பவைக்கும் அந்த உடல்மொழிக்கு எந்த விருதும் ஈடாகாது.

2002இல் வந்த 'பப்பா ஹோ-டெப்' படத்தில், முதியோர் இல்லத்தில் முடங்கிய பாடகர் எல்விஸ் பிரெஸ்லியாக அவரை நடிக்கவைத்த இயக்குநர் டான் காஸ்கரெலிக்கும், உடன் நடித்த மறைந்த ஆஸி டேவிஸுக்கும் என் நன்றி உரியது. நடைவண்டியைத் தள்ளிக்கொண்டு உயிர்பெற்ற எகிப்திய மம்மியை (பதப்படுத்திய பிணத்தை) எதிர்க்கப் புறப்படும் அந்த முதியவரைப் பார்த்து முதலில் சிரித்தேன். படம் முடியும்போது கண்கலங்கினேன்.

நன்றியுடன்,
தங்கள் அன்புள்ள குறும்பட நடிகன்